பேராசிரியருக்கு நான் சொன்ன ஓம்

1. மூடிய கை

மூடிப்போன கையைத் திறப்பது எப்படி என்று இந்த வேலைக்குப் புதிதாக வருகிற பிள்ளைகள் என்னிடம்தான் கேட்பார்கள். பக்கவாதம் வந்த சிலருக்கு விரல்கள் உள்ளே மடிந்து இறுகிவிடும். இழுத்தால் நோகும், விட்டால் உள்ளங்கை அழுகும். ஒரு பேசின் பாத்திரத்தில் இளஞ்சூட்டுத் தண்ணீர் எடுத்து, மணிக்கட்டு வரை அமிழ்த்திவிட்டுப் பொறுத்திருக்க வேண்டும். கை தானாக விரியும். பிறகு கழுவி, துடைத்து, நகம் வெட்டி, ஒரு சின்னத் துவாயைச் சுருட்டிப் பிடிக்கக் கொடுக்க வேண்டும்.

நான் மன்னாரில் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். ஆனால் இந்த நாட்டில் நான் குடியேறிய நோபல் பார்க்கிலிருந்து பஸ் எடுத்துப் போய் நான் வேலை செய்த அந்த நேர்ஸிங் ஹோமில், என் பொறுப்பில் இருந்த ஒருவருக்கும் படுக்கைப் புண் வந்ததில்லை. இதைப் பெருமைக்காகத்தான் சொல்கிறேன்.

பேராசிரியர் என் பகுதிக்கு வந்த அன்று, ஷிப்ட் மாறும்போது நடக்கிற ஹாண்ட் ஓவரில் அவரைப் பற்றிச் சொன்னார்கள். ஐரோப்பாவில் பிறந்து இளம் வயதில் இங்கே வந்தவர். தத்துவம் படிப்பித்தவர், புத்தகங்கள் எழுதியவர். பேச்சு நின்று மாதக்கணக்கு. வலது கை கல்லுப்போல மூடியிருந்தது. தண்ணீரில் வைத்தேன். விரல்கள் விரியத் தொடங்கியதும் அவர் பேசினார்.

அந்தக் குரல் அந்த உடம்புக்குரியதாக இல்லை. வகுப்பில் கடைசி வாங்கில் இருப்பவனுக்கும் கேட்க வேண்டும் என்பதுபோல, உரத்து, நிதானமாக வந்தது. கண்கள் என்னைப் பார்க்கவில்லை. சுவரில் ஒரு இடத்தையே பார்த்தன.

"மனிதன் வீட்டில் வாழ்கிறான் என்று நினைக்கிறோம். இல்லை, அவன் மண்ணில் வாழ்கிறான். வீடு அதற்குப் பிறகு வருவது" என்றார்.

நல்ல தெளிவான இங்கிலீஷ், எனக்கே விளங்கியது. போரில் எங்கள் வீட்டு வளவை விட்டு ஓடி வந்தபோது எனக்கு என்ன போயிற்று என்று சொல்ல இத்தனை வருடமும் வார்த்தை கிடைத்ததில்லை. அந்த மனிதர் சொல்லிவிட்டார். ஞாயிறு பூசை முடிந்து மாதா கோயில் வாசலில் நின்ற பெண்களுக்கு அதைத் தமிழில் சொன்னேன். இரண்டு பேர் கண்ணைத் துடைத்தார்கள்.

கையைத் துடைத்தவுடன் பேச்சு நின்றுவிடும். குழாயைப் பூட்டினது மாதிரி.

2. வியாழக்கிழமை வந்தவர்கள்

அவர் பேசுகிற விஷயம் அவருடைய மகளுக்குத் தெரிந்ததும் என்னைக் கட்டிப்பிடித்து அழுதாள். தகப்பனின் புத்தகங்களை வாசித்த சில இளைஞர்கள் அவரைப் பார்க்க ஆசைப்படுகிறார்கள் என்று அனுமதியும் வாங்கிக் கொடுத்தாள். வியாழக்கிழமைகளில், மதியச் சாப்பாடு முடிந்து நான் அவர் கையைக் கழுவும் நேரத்துக்கு நாலைந்து பேர் வருவார்கள். கறுப்புச் சட்டை, நன்றாக அயர்ன் பண்ணியது. மரியாதையான பிள்ளைகள். என்னை மேடம் என்பார்கள். அவர்களில் நெடியவன் ஒருவன் தன் போனை ஜன்னல் விளிம்பில் நிறுத்தி வைப்பான். நான்தான் கதிரை எடுத்துப் போட்டுக் கொடுப்பேன்.

லோண்ட்ரியில் வேலை செய்த சசி ஒருநாள் என்னைத் துணி அடுக்குகிற அறைக்குள் கூப்பிட்டான். படகில் அகதியாக வந்தவன், தற்காலிக விசாவில் இருப்பவன். தன் போனை நீட்டினான்.

"அன்ரி, இதில நீங்கள் இருக்கிறியள்."

நகரத்துக்குள் ஒரு தெரு. கறுப்பு உடுப்புப் போட்டு முகத்தை மூடிய ஆண்கள் வரிசை வரிசையாக நடந்து போனார்கள். எங்களைப் போன்றவர்களைத் திருப்பி அனுப்பச் சொல்லிப் பிடித்த பதாகையைச் சசி வாசித்துக் காட்டினான். அந்தப் படத்துக்கு மேல் பேராசிரியரின் குரல் ஓடியது. மனிதன் மண்ணில் வாழ்கிறான். வீடு பிறகு வருவது. அதற்குப் பிறகு இதுவும் வந்தது.

"மண் இல்லாதவன் எங்கே நின்றாலும் அடுத்தவன் மண்ணில்தான் நிற்கிறான். அவனைக் கடலுக்குத் திருப்பி அனுப்புவது கொடுமை இல்லை. அது துப்புரவு."

ஒவ்வொரு வசனத்துக்கும் நடுவில் தண்ணீர் சளசளக்கும் சத்தம். அதோடு ஒரு பெண்ணின் குரல், ஆறுதலாக: ஓம்... ஓம்...

ஊரில் நாங்கள் ஆமாம் என்பதை ஓம் என்போம். யார் கதைத்தாலும் ஓம் போட்டுக்கொண்டே கேட்போம். நான் இங்கே இருக்கிறேன், கதையுங்கள் என்று அர்த்தம். சம்மதம் என்று அர்த்தம் இல்லை. நகம் வெட்டும்போது என் கவனம் முழுக்கத் தசையில் பட்டுவிடக் கூடாதே என்பதில் இருக்கும். வாய் தன் பாட்டுக்கு ஓம் சொல்லிக்கொண்டிருக்கும்.

நெடியவன் போன கிழமை நடைவழியில் சசியை மறித்து, வந்தது பிளேனிலா படகிலா என்று சிரித்துக்கொண்டு கேட்டானாம். அதிலிருந்து சசிக்கு நித்திரை இல்லை. வேலையை விடப்போவதாகச் சொன்னான்.

"விட்டுட்டு எங்கயடா போகப் போறாய்?"

"அதைத்தானே அன்ரி புரொபெசரும் கேக்கிறார். நீங்களும் ஓம் எண்டு சொல்லுறியள்."

பகிடியாகத்தான் சொன்னான். ஆனால் என் முகத்தைப் பார்க்கவில்லை.

பேராசிரியரின் மகளிடம் போனேன். அவள் கோபப்படவில்லை. அப்பாவின் சிந்தனை வேறு, அவர்களுடைய அரசியல் வேறு, அவர்கள் வெட்டி ஒட்டுகிறார்கள் என்று பொறுமையாக விளங்கப்படுத்தினாள். எனக்கும் அதை நம்பத்தான் ஆசை. மண் பற்றிய அந்தப் பேச்சு என்னுடையதாகவும் ஆகியிருந்தது.

அடுத்த நாள் கதவைச் சாத்திவிட்டு, நானும் அவரும் மட்டும் இருக்கக் கையைத் தண்ணீரில் வைத்தேன். நகம் வெட்டவில்லை. வழமைபோல ஓம் போட்டபடி கேட்டுக்கொண்டு மட்டும் இருந்தேன். மண், வீடு, மண் இல்லாதவன், கடல், துப்புரவு. ஒருவரும் வெட்டவில்லை, ஒருவரும் ஒட்டவில்லை. எனக்கு ஆறுதல் தந்த அதே குரலில், அதே மென்மையோடு எல்லாம் ஒரே மூச்சில் வந்தது.

இன்னொன்றும் கண்டுபிடித்தேன். நான் வாயை மூடிக்கொண்டால் அவரும் நின்றுவிடுவார். வாய் திறந்தபடி, கண் சுவரில் இருக்க, காத்திருப்பார். ஒருமுறை என்னை அறியாமல் ஓம் என்று வந்துவிட்டது. விட்ட சொல்லிலிருந்து அப்படியே தொடர்ந்தார்.

3. ஓம் சொன்ன இன்னொருவன்

கை கழுவாமல் விட முடியாது, அது என் வேலை. நேரத்தை மாற்றலாமா என்று நேர்ஸிடம் கேட்டுப் பார்த்தேன். மகள் சம்மதிக்கவில்லை. தகப்பன் பேசுவதை நாலு பேர் கேட்கட்டும் என்றாள். அதனால் வியாழக்கிழமை தண்ணீர் எடுத்தேன், கையை வைத்தேன், வாயை இறுக மூடிக்கொண்டேன்.

பேராசிரியர் முதல் வசனத்தைச் சொன்னார். நின்றார். இளைஞர்கள் காத்திருந்தார்கள். வழமைபோலச் செய்யுங்கள் மேடம் என்றான் நெடியவன்.

அவன் எழுந்து வந்து என் தோளுக்குப் பின்னால் குனிந்தான். "ஓம்" என்றான்.

என் குரல். நான் இழுக்கும் அதே இழுவை. வீடியோவைத் திரும்பத் திரும்பக் கேட்டுப் பழகியிருக்கிறான். பேராசிரியர் தொடர்ந்தார். அவன் மறுபடியும் ஓம் என்றான். பேச்சு மண்ணைத் தாண்டி, மண் இல்லாதவனிடம் வந்துவிட்டது. வெளியே நடையில் உருண்டு வந்த சசியின் லோண்ட்ரி வண்டி கதவடியில் நின்ற சத்தம் கேட்டது. அடுத்தது கடல்.

"இல்லை" என்றேன். பிறகு அவருக்கு விளங்கும்படி இங்கிலீஷிலும் சொன்னேன். "நோ, புரொபெசர்."

இத்தனை வருட வேலையில் அங்கே தங்கியிருக்கிற ஒரு ரெசிடென்றிடம் நான் அப்படிச் சொன்னதில்லை.

அவர் கண்கள் முதல் தடவையாகச் சுவரை விட்டு விலகின. அறையெல்லாம் தேடின. என் முகத்தைத் தொடாமல் தாண்டிப் போயின. பிறகு வந்தது ஒரு சின்னக் கிழவனின் குரல்.

"யார் அது?"

"ரெஜினா. உங்கட கையைப் பிடிச்சுக்கொண்டிருக்கிறவள்."

அவர் தண்ணீருக்குள் பார்த்தார். அங்கே என் கையும் அவர் கையும் இருந்தன.

"இங்கே என்னைத் தவிர ஒருவரும் இல்லையே" என்றார்.

நெடியவன் இன்னும் இரண்டு தடவை ஓம் சொல்லிப் பார்த்தான். பேராசிரியர் பேசவில்லை. தண்ணீருக்குள்ளேயே பார்த்துக்கொண்டிருந்தார். நான் நகம் வெட்டி, துடைத்து, துவாயைச் சுருட்டிக் கொடுத்தேன். அந்த இளைஞர்கள் அடுத்த இரண்டு வியாழனும் வந்தார்கள். ஒன்றும் கிடைக்காமல் போனபின் வரவில்லை. அவருடைய மகள் என்னோடு கதைப்பதை நிறுத்திவிட்டாள். சசி வேலையை விடவில்லை.

பேராசிரியர் இறக்கும் வரை நான்தான் அந்தக் கையைக் கழுவினேன். பிரசங்கம் திரும்ப வரவே இல்லை. தினமும் யார் அது என்று கேட்பார். தினமும் என் பெயரைச் சொல்வேன்.

இந்த வேலைக்கு வருகிற பிள்ளைகளுக்கு நான் சொல்லக்கூடியது இதுதான். நோயாளி யாராக இருந்தாலும் தண்ணீரின் சூட்டைப் பாருங்கள், விரலிடுக்கு விடாமல் துடையுங்கள். ஆனால் கையைக் கொடுக்கிறபோது வாயையும் சேர்த்துக் கொடுத்துவிடாதீர்கள். ஓம் என்பதை முழுக்கக் கேட்ட பிறகு சொல்லுங்கள். அந்த வீடியோவை இணையத்திலிருந்து நீக்கச் சொல்லி சசி எத்தனையோ தரம் எழுதிப் போட்டுப் பார்த்தான். ஓரிடத்தில் நீக்கினால் இன்னோரிடத்தில் வருகிறதாம். அதில் இன்றைக்கும் அந்த ஆண்கள் நடந்துகொண்டிருக்கிறார்கள். நான் ஓம் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.