கிளைட் ஆஸ்டர்மனின் வலது கை

எங்கள் பேஸ்பால் அணியின் முதல் பந்துவீச்சாளன் கிளைட் ஆஸ்டர்மன். ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை பந்து வீசுவான். குளிர்காலத்தில் ஹாலிவுட்டில் நடிப்பான். நடிப்பு என்றால், கௌபாய் படத்தில் மதுக்கடை வாசலில் சுடப்பட்டு விழுபவன், தொலைக்காட்சித் தொடரில் கதவைத் தட்டும் போலீஸ்காரன். ஏழு வருடங்களில் பதினோரு முறை செத்திருப்பதாக அவன் மனைவி வெர்னா சொல்லிச் சிரிப்பாள்.

நான் வெண்டல். அவன் வீசுவதைப் பிடிப்பவன். மட்டையாளனுக்குப் பின்னால் குந்திக்கொண்டு, தொடைகளுக்கு நடுவே விரல் காட்டுவேன். ஒரு விரல் என்றால் வேகப்பந்து, இரண்டு என்றால் வளைபந்து. அடுத்து என்ன வரப்போகிறது என்பது எங்கள் இருவருக்கு மட்டுமே தெரியும்.

1956 மே மாதம் சான் டியாகோ அணிக்காரர்கள் அவன் பந்துகளை நொறுக்கினார்கள். அடுத்த முறை வந்தபோதும் அப்படியே. யாரும் தொட முடியாத அவனுடைய வளைபந்துக்காகவே அவர்கள் காத்திருந்து அடித்தார்கள். மற்ற அணிகளிடம் அவன் எப்போதும்போல ஜெயித்தான்.

உடைமாற்றும் அறையில் கிளைட் என்னையே பார்த்தான்.

"விரலை நல்லா மறைச்சுத்தானே காட்டுற?"

"பன்னெண்டு வருஷமா இதத்தான் பண்றேன். என்னையே கேக்குறியா?"

"அப்போ அவனுங்களுக்கு யாரு சொல்றா? காத்தா?"

அன்றைக்கே எனக்கும் சந்தேகம் முளைத்துவிட்டது. நான் சொல்லவில்லை, மிச்சம் அவன் ஒருவன்தான்; காசு வாங்கிக்கொண்டு அவனே சொல்கிறானோ? போன ஜனவரியில் ஒரு தொலைக்காட்சி நாடகத்தில் அவன் வேலை செய்தபோது, துணை நடிகர்களாக நான்கு சான் டியாகோ ஆட்டக்காரர்களைக் கூட்டிப்போனது நினைவுக்கு வந்தது. ஒரு மத்தியானம் அதே ஆட்களில் ஒருவனோடு அவன் ஹாட் டாக் கடையில் உட்கார்ந்திருந்ததையும் பார்த்தேன். என்னைக் கண்டதும் இருவரும் பேச்சை நிறுத்தினார்கள். அல்லது எனக்கு அப்படித் தோன்றியது.

மேனேஜர் ரூபர்ட் ஹேலியிடம் போய்ச் சொன்னேன். "என் கண்ணால பாத்ததச் சொல்றேன். அதுக்கு மேல நீங்களே யோசிச்சுக்கோங்க." அவர் யோசித்தார். கிளைட்டை வெளியே உட்கார வைத்தார். காரணம் சொல்லவில்லை. அவனும் கேட்கவில்லை. மூன்று வாரம் பெஞ்சில் சூரியகாந்தி விதை கொறித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

ஜூலையில் முடிவெட்டும் கடையில் இருந்தேன். அங்கிருந்த டிவியில் அந்த ஜனவரி நாடகம் மறுபடி ஓடியது. கதாநாயகன் பந்துவீச்சாளன். முகம் பெரிய நடிகருடையது. பந்தைப் பிடிக்கும் கை மட்டும் கிளைட்டுடையது. அந்த வளைந்த சுண்டுவிரலை எங்கே பார்த்தாலும் கண்டுபிடித்துவிடுவேன். மைதானத்தில் ஓடுபவர்கள் தொடும் மூன்றாம் தளத்தின் பக்கத்திலிருந்து படம் பிடித்திருந்தார்கள். வேகப்பந்து வீசுமுன் மணிக்கட்டு கையுறைக்குள் முழுக்கப் புதைந்தது. வளைபந்து என்றால் மணிக்கட்டு எலும்பு வெளியே தெரிந்தது. ஒவ்வொரு முறையும்! என் இடத்திலிருந்து கையுறைதான் தெரியும், அது தெரியாது.

சான் டியாகோக்காரர்கள் படப்பிடிப்பில் நாள் முழுக்க அந்தப் பக்கம்தான் நின்றிருக்கிறார்கள். மூன்றாம் தளத்தருகே நிற்கும் அவர்களது பயிற்சியாளர், சில நேரம் மட்டும் மட்டையாளனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவாரே, அது வளைபந்து வருகிறது என்று சொல்லத்தான் என இப்போது புரிந்தது.

பாதி வெட்டிய தலையோடு கிளைட் வீட்டுக்கு ஓடினேன். எல்லாவற்றையும் சொன்னேன், ஹேலியிடம் போனதையும் சேர்த்து.

அவன் வலது கையைத் திருப்பி மணிக்கட்டைப் பார்த்தான்.

"அந்த டைரக்டர் அதையே நாப்பது தடவ போடச் சொன்னான். நானும் பெருமையா போட்டேன்." பிறகு, "நீ மொதல்ல எங்கிட்ட கேட்டிருக்கலாம்ல?"

"நீயும் என்னத்தான் சந்தேகப்பட்டே."

"ஆமா. ஆனா உங்கிட்டதானே கேட்டேன். ஹேலிகிட்டப் போகலயே."



ஒரு வாரத்தில் மணிக்கட்டை மறைத்து வீசப் பழகினான். ஆகஸ்டில் சான் டியாகோவை ஓர் ஓட்டம்கூட எடுக்க விடவில்லை. ஆனால் அன்று அவன் பந்தைப் பிடித்தது நானல்ல. வேறு ஆள் வேண்டும் என்று ஹேலியிடம் அவனே கேட்டிருந்தான்.

இரண்டு வருடம் கழித்து ஆட்டத்தை விட்டுவிட்டு முழுநேரமும் நடிக்கப் போனான். ஒருநாள் வெர்னா போன் செய்தாள். "ஒரு படத்துல குந்தி உக்கார ஆள் வேணுமாம். உன் பேரத்தான் அவர் கொடுத்திருக்கார்."

போனேன். மதியம் கிளைட் என் எதிரே தட்டோடு வந்து உட்கார்ந்தான். முழங்கால் வலி, மகளின் பள்ளிக்கூடம் என்று ஏதேதோ பேசினான். அந்தக் கோடையின் பேச்சை அவனும் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை.