காக்கிக்குள் சிவப்பு

சரித்திரத்தில் பி.ஏ. முடித்துத் திருப்பதியிலிருந்து சித்தூருக்குத் திரும்பிய ஜெமிமாவை, "படிச்சு என்ன பண்ணப்போற?" என்று எல்லோரும் கேட்டார்கள். அவளும் கண்ணாடி முன் நின்று அதையேதான் கேட்டாள். கூடப் படித்தவர்கள் கம்ப்யூட்டர், ஐதராபாத், அமெரிக்கா என்று பறந்துகொண்டிருந்த வருஷம் அது.

அப்பா அசரியா கல்யாண பேண்டு நடத்தினார். பிச்சாட்டூரில் மகளுக்கு அமெரிக்க மாப்பிள்ளை பிடித்திருந்த எத்திராஜ், "புது டிரெஸ்ல வா அசரியா. நல்லா இருந்தா, எங்க சொந்தக்காரங்க கல்யாணம் எல்லாத்துக்கும் நீதான்" என்று சொல்லிப் போனார்.

"டிரெஸ்ஸ எங்கிட்ட உடு நைனா!" என்றாள் ஜெமிமா. படித்த படிப்புக்கு முதல் வேலை!

அன்று அவள் பேசிய பேச்சு! வெள்ளைக்காரச் சிப்பாய் இருநூறு வருஷத்துக்கு மேல் சிவப்புக் கோட்டில்தான் சண்டை போட்டான். கழுத்தில் விறைப்பான தோல்பட்டை. தலையைத் திருப்பவே திண்டாட்டம். துப்பாக்கி வெகுதூரம் சுட ஆரம்பித்ததும் சிவப்பு நல்ல குறியாகிவிட்டது. நம் ஊர்ப் புழுதியின் நிறத்தைப் பார்த்துக் காக்கிக்கு மாறினான்.

"நாம இன்னும் சிவப்புலயே நின்னுக்கினு இருக்கறோம் நைனா!"

"நம்மள யாரு சுடப்போறான்?" என்றாலும் அசரியா தலையாட்டினார். தையல்கார மணியம்மா பழைய சிவப்புக் கோட்டுகளைப் பிரித்து உள்துணியாக வைத்து, காக்கிக் கோட்டுகள் தைத்தாள்.

கல்யாணத்தன்று பந்தலோரம் வேன் நின்றது. வாத்தியங்கள் இன்னும் வேனுக்குள். காக்கிக்காரர்கள் தடதடவென்று குதித்தார்கள்.

"போலீசுலு வச்சார்ரா!" போலீஸ் வந்துவிட்டதென்று யாரோ தெலுங்கில் கூவினார்கள்.

பந்தலுக்குப் பின்னால் சீட்டாடிய கூட்டம் சிதறியது. ஒருவர் வைக்கோல்போருக்குள். மாப்பிள்ளையின் பெரியப்பா செங்கல்வராயன் பட்டுவேட்டியோடு புளியமரத்தில். மாப்பிள்ளை ஹரிபாபுவோ மாலையும் கழுத்துமாக ஓடிவந்து பாஸ்போர்ட்டை நீட்டினான். "சார், விசா எல்லாம் கரெக்டா இருக்குது சார்!"

"பேண்டு கேட்டா பட்டாளத்தயா இட்டாந்த?" எத்திராஜ் கத்தினார். "திரும்பிப் போய்யா!"

கூட வந்திருந்த ஜெமிமா வேன் ஓரமாக ஒதுங்கினாள். சீசனே போச்சு. தன் படிப்பால் போச்சு. தலை குனிந்தவள் கண்ணில், அப்பாவின் கைமடிப்பில் எட்டிப் பார்த்த சிவப்பு பட்டது.

"நைனா! எல்லாரும் கோட்டக் கழட்டித் திருப்பிப் போடுங்க!"

ஒரு நொடியில் காலம் பின்னோக்கி ஓடியது. தையல் வெளியே, நூல் தொங்க, பைகள் காதுபோல ஆட, சிவப்புப் படை டிரம்பெட்டைத் தூக்கி ஊதியது. வைக்கோல்போர் எழுந்து ஆடியது. செங்கல்வராயன் கிளையில் இருந்தபடியே கைதட்டி, இறங்கி வந்து குதித்தார். எத்திராஜ் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்தார்.

"தையில எந்தம்பி வீட்டுக் கல்யாணம். இதே மாதிரிதான் வரணும். மொதல்ல போலீசு, அப்புறம் பேண்டு!"

அசரியா மூச்சு வாங்க மகளிடம் வந்தார். "ஏம்மா, சிவப்புக்கு முன்னால வெள்ளக்காரன் இன்னா போட்டுக்கினு இருந்தான்?"

"படிச்சுட்டுச் சொல்றேன் நைனா!" என்று கூவிவிட்டு, ஆடுகிற கூட்டத்துக்குள் ஓடினாள்.