முனுசாமி போக வேண்டிய ஊர்

எண்பதுகளின் கடைசியில், ஆவடியில் நான் வேலை பார்த்த தொழிற்சாலையிலிருந்து ஒருவரை ஓராண்டுப் பயிற்சிக்கு இத்தாலிக்கு அனுப்ப முடிவு செய்தார்கள். தேர்வானவன் என் நண்பன் முனுசாமி. பார்வை மங்கிக்கொண்டே வருகிறது என்று அவன் என்னிடம் மட்டும் சொல்லியிருந்தான். அதை நான் அதிகாரியின் காதில் போட்டேன். அவனுக்குப் பதிலாக நான் போனேன்.

வெரோனா நகரில், ரோமானியர்கள் கட்டிய பழைய வட்ட அரங்கைப் பார்க்கப் போனேன். இடிந்தும் இடியாமலும் நின்ற அந்தக் கற்களுக்கு நடுவே என்னால் அரைமணி நேரம்கூட உட்கார முடியவில்லை.

ஊர் திரும்பியதும் முத்தாபுதுப்பேட்டையில் அவன் வீட்டுக்குப் போனேன். குரலை வைத்துத்தான் என்னை அடையாளம் கண்டான்.

“வா மாமே. எவனோ என் கண்ணப் பத்தி ஆபீஸ்ல போட்டுக் குடுத்துட்டான். யாருன்னு ஒனக்குத் தெரியுமா?”

“தெரியாதுடா.”

“போவட்டும். நீயாச்சும் பாத்தியே. அந்த ஊரு எப்டி கீது, சொல்லு.”

கல்லின் வெளிறிய சிவப்பையும் படிகளின் உயரத்தையும் சொன்னேன். சிரித்த முகமாகக் கேட்டுக்கொண்டிருந்தான்.

பிறகு எப்போது போனாலும் அந்த ஊரைப் பற்றியே கேட்பான். அவன் சாகும்வரை சொன்னேன். மன்னிப்புக் கேட்க மட்டும் வாய் வரவில்லை. இப்போது இதை எழுதுகிறேன். எழுதியும் மனம் லேசாகவில்லை.