பனிப்பிளவிலிருந்து வந்த குரல்

நம்பினால் நம்புங்கள், நம்பாவிட்டால் போங்கள். இது கட்டுக்கதை இல்லை. என் அக்கா வீட்டுக்காரர் தலையைக் குனிந்துகொண்டு என்னிடம் சொன்னது. ஆபத்தான இடங்களாகத் தேடிப் போய்ப் படம் எடுப்பது மாமாவுக்குத் தொழில். வீட்டில் பல்லியைக் கண்டால் நாற்காலி மேல் ஏறிவிடுவார், அது வேறு விஷயம்.

அன்று பனிமலையில் படப்பிடிப்பு. ஆழமான பனிப்பிளவு ஒன்றின் மேல் உறைந்த பனி பாலம் போல மூடியிருந்தது. இடுப்பில் கயிறும் சட்டையில் ஒயர்லெஸ் மைக்குமாக வழிகாட்டி அதைக் கடந்தார். அந்தப் பக்கம் போய் நின்றதும், வழக்கம் போல, "ஓகேவா அண்ணே?" என்று கேட்டார். மாமாவின் ஹெட்போனில் தெளிவாகக் கேட்டது.

மாமா கேமராவைப் பார்த்தார். சிவப்பு விளக்கு எரியவில்லை. ரெக்கார்ட் பட்டனை அழுத்தவே மறந்திருக்கிறார்! வெளியே சொன்னால் மானம் போய்விடும்.

"வெளிச்சம் சரியில்லப்பா. அப்படியே திரும்பி நடந்து வா, எடுத்துடறேன்."

பாவம், அந்த மனுஷன் மறுபேச்சு பேசாமல் நடந்தார். பாதி வழியில் பாலம் பொலபொலவென்று உடைந்தது. கயிறு அறுந்தது. இழுத்துப் பார்த்தார்கள். அதில் சிக்கிக்கொண்டு மைக் மட்டும் மேலே வந்தது. தொண்டை வற்றக் கத்தினார்கள். பதில் இல்லை. அதற்குள் பனிப்புயல் பிடித்துக்கொண்டது.

மறுநாள் காலை பத்து நாற்பது. புயல் விடவில்லை. கூடாரத்தில் மாமா ஹெட்போனைத் துடைத்துவிட்டுச் சும்மா காதில் வைத்தார்.

கர்ர்ர்...

"ஓகேவா அண்ணே?"

மாமா உடனே ஒலிப்பதிவாளரைக் கூப்பிட்டார்.

"அந்த மைக் எங்கே?"

"பெட்டியிலதான் இருக்கு. பேட்டரியக்கூட கழட்டிட்டேன். ஏண்ணே?"

"ஒண்ணுமில்ல..."

செத்தவன் பேசுகிறான். மாமா அப்படித்தான் நினைத்தார்.

மூன்றாம் நாள் புயல் அடங்கி மீட்புக்குழு வந்தது. மதியம்வரை தேடினார்கள். மாமாவால் சும்மா இருக்க முடியவில்லை. மறுபடி ஹெட்போனை மாட்டினார்.

கர்ர்ர்...

"பட்டன அழுத்துனீங்களா அண்ணே?"

அது மாமாவைத் தவிர யாருக்கும் தெரியாது.

யாருக்குமே.

மீட்புக்குழுத் தலைவர் உள்ளே எட்டிப் பார்த்தார்.

"ஏதாச்சும் சத்தம் கேட்டுச்சா சார்? கேட்டிருந்தா சொல்லுங்க, இன்னும் கீழ இறங்கிப் பாக்கறோம்."

ஹெட்போனில் மூச்சு வாங்கும் சத்தம்...

சொன்னால், என்ன கேட்டது என்று கேட்பார்கள்.

"இல்ல," என்றார் மாமா.

ஹெட்போனைக் கழற்றினார். எல்லாரும் மலையிறங்கினார்கள்.

கோடையில் பனி உருகியபோது உடல் கிடைத்தது. பிளவுக்குள் ஒரு திட்டில், கால் உடைந்து, சுவரில் சாய்ந்து உட்கார்ந்த நிலையில் இருந்தாராம். உறைந்து கிடந்த கைக்கடிகாரம் அவருடைய நாடித்துடிப்பைக் கடைசிவரை பதிவு செய்திருந்தது.

அவர்கள் மலையிறங்கிய அன்று சாயங்காலம்தான் அந்தத் துடிப்பு நின்றிருக்கிறது.