ஹாஃப் ஆடுகிறவன்

என் தம்பி என்ன வேலை பார்க்கிறான் என்பதை என் மாமியாருக்குக் கடைசிவரை என்னால் புரியவைக்க முடியவில்லை. பந்து விளையாடுகிறான், அதற்குச் சம்பளம் கொடுக்கிறார்கள் என்றபோதே அவர் முகத்தில் சந்தேகம் வந்துவிட்டது. அதோடு நான் நிறுத்தியிருக்கலாம். புதுப்பெண், பெருமை தாங்கவில்லை. "அவன் ஹாஃப் ஆடுறான் அத்தை" என்று வேறு சொல்லித் தொலைத்தேன்.

கால்பந்தில் நடுவில் நின்று ஆடுகிறவனை ஹாஃப் என்பது எங்கள் காரைக்குடி மைதானத்து வழக்கம். பின்னால் இருப்பவனிடம் பந்தை வாங்கி முன்னால் போகிறவனுக்குக் கொடுக்க வேண்டும். ஓடி ஓடிச் சாவது அவன். கோல் போட்டுவிட்டுக் கையைத் தூக்குவது வேறொருவன். மாமியார் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "ஹாஃப்னா பாதிதானடி? பாவம், முழு ஆட்டம் ஆட விட மாட்டாகளா?" என்றார். பக்கத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த என் வீட்டுக்காரர், "அப்ப உன் தம்பி அரை டிக்கெட்டா?" என்றார். அன்று ராத்திரி ரசத்துக்கு உப்பு விழவில்லை. மறந்துவிட்டது என்றுதான் சொன்னேன்.

அவன் பந்து கொடுக்கப் பழகியது என்னிடம்தான். இதை எங்கே கேட்டாலும் அடித்துச் சொல்வேன். எங்கள் வீட்டுக்கு அடுத்த சந்தில், குடியிருந்தவர்கள் வெளியூர் போய்ப் பூட்டிக் கிடந்த பெரிய வீடு ஒன்று இருந்தது. அதன் பின்சுவர் சந்து முழுக்க நீண்டு கிடக்கும். அந்தச் சந்துதான் எங்கள் மைதானம். நான் பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு ஓடுவேன், அவன் பின்னாலிருந்து பந்தைத் தள்ளுவான். என் காலுக்குக் கொடுக்கவே மாட்டான். நான் போய்ச் சேரப்போகிற இடத்துக்குக் கொடுப்பான். "நான் இங்குட்டு நிக்கிறேன், நீ அங்குட்டுக் குடுத்தா எப்புடிடா?" என்று கத்தினால், "நீ ஏன் நிக்கிற? ஓடு" என்பான். என்னைவிடச் சின்னப்பயல், அந்த அதிகாரத்தைப் பாருங்கள்! ஆனால் ஓடினால் பந்து சரியாக அங்கே இருக்கும். அந்தச் சுகம் எனக்கு வேறெதிலும் கிடைத்ததில்லை.

நான் வயசுக்கு வந்ததும் அம்மா அந்தச் சந்துப் பக்கமே போகக் கூடாது என்றுவிட்டார். தாவணி கட்டிக்கொண்டு ஜன்னல் வழியாகப் பார்த்தேன். அவன் தனியாகச் சுவரில் உதைத்துக்கொண்டிருந்தான். சாயங்காலம் வந்து, "செவுரு பந்தைத் திருப்பிக் குடுக்குது. ஆனா ஓட மாட்டேங்குதுக்கா" என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டான். எனக்கு அழுகையாக வந்தது. அம்மாவிடம் சண்டை போட்டேன், இரண்டு அடி வாங்கினேன், அவ்வளவுதான் முடிந்தது.

அப்புறம் அவன் வளர்ந்தான். பள்ளிக்கூட டீம், மாவட்ட டீம், பந்தாட்டத்துக்காகவே கல்லூரியில் இடம், சென்னையில் ஓர் ஆபீஸ் டீம் என்று போய், கடைசியில் கல்கத்தாவில் பெரிய கிளப் ஒன்று அவனைக் கூட்டிக்கொண்டது. தொண்ணூறுகளின் நடுவில் அது எங்கள் தெருவுக்கு அமெரிக்கா போன மாதிரி. அதற்குள் எனக்குச் சாக்கோட்டையில் கல்யாணம் முடிந்துவிட்டது. அவன் டீமில் ஆடத் தொடங்கியபின் ஒரு ஆட்டம்கூட நான் நேரில் பார்க்கவில்லை. கல்கத்தா என்ன, கோவிலூரா, டவுன் பஸ்ஸில் போய் வர?

பேப்பரில் தேடுவேன். கோல் போட்டவன் பெயரைத்தான் போடுவார்கள். அவனுக்குப் பந்து கொடுத்தவன் பெயர் யாருக்கு வேண்டும்? ஒரே ஒரு தடவை டிவியில் ஆட்டத்தைக் காட்டினார்கள். மகளைத் தூங்கப் பண்ணிவிட்டு உட்கார்ந்தேன். கேமரா பந்தோடுதான் போகிறது. முதுகில் எட்டாம் நம்பர் போட்ட அவனிடம் பந்து வரும், வந்த உடனே கொடுத்துவிடுவான், கேமரா அவனை விட்டுவிட்டுப் போய்விடும். எவ்வளவு நன்றாக ஆடினானோ அவ்வளவு குறைவாகத்தான் அவனைப் பார்த்தேன். 'கொஞ்ச நேரம் வச்சிருடா' என்று டிவியைப் பார்த்துச் சொன்னேன். அவன் என்றைக்கு வைத்திருந்தான்?

தெருமுனை மருந்துக் கடைக்குத்தான் எங்களுக்கு ஃபோன் வரும். ஒரு நாள் கடைக்காரர் ஆளனுப்ப, ஓடினேன். "அக்கா, மதுரைக்கு வாரோம். பெரிய போட்டி. ஞாயித்துக்கிழமை நாலு மணிக்கு. நீ வந்தே ஆகணும்" என்றான். "முழுசாப் பாக்கணும். முதல்லருந்து." நான் ரிசீவரைப் பிடித்துக்கொண்டு மருந்துக் கடையிலேயே அழுதேன். கடைக்காரர் யாரோ செத்துப்போய்விட்டார்கள் என்று பயந்து, உட்கார ஸ்டூல் எடுத்துப் போட்டார்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்ததும் கிளம்பிவிடலாம் என்று இருந்தேன். மாமியார் அடுப்பில் எண்ணெய்ச் சட்டியை ஏற்றிவிட்டார். "பெறந்தவனப் பாக்கப் போற, வெறுங்கையோடவா போவ?" தேன்குழல். ஒரு ஈடு எடுத்தார், இன்னொரு ஈடு பிழிந்தார். நான் சேலை கட்டி, பிள்ளையைச் சிங்காரித்து, வாசலுக்கும் அடுப்படிக்கும் நடையாய் நடந்தேன். "போதும் அத்தை, நேரமாச்சு" என்றால், "அட இருடி. கூட ஆடுற பயலுகளுக்கும் வேணாமா?" என்றார். ஆசையாகத்தான் செய்தார், அதை நான் இல்லை என்று சொல்ல மாட்டேன். கடைசியில் நான் கத்தியேவிட்டேன். அவர் நெற்றி வியர்வையைத் துடைத்துக்கொண்டு நிதானமாகச் சொன்னார்: "ஏன்டி இந்தப் பறப்பு பறக்குற? அவன் பாதிதான ஆடுறான்? ரெண்டாவது பாதிக்குப் போய்ச் சேந்தாப் போதாதா?"

வீட்டுக்காரரைப் பார்த்தேன். அவர் சட்டைக் கையை மடித்துக்கொண்டே, "போயிரலாம், போயிரலாம்" என்றார். நானே தூக்கை மூடி எடுத்துக்கொண்டு வாசலில் இறங்கினேன்.

காரைக்குடியில் ஒரு பஸ்ஸை விட்டோம். அடுத்தது திருப்பத்தூரிலும் மேலூரிலும் நின்று நின்று போனது. மடியில் தேன்குழல் தூக்கு, சூடு ஆறாமல் தொடையைச் சுட்டது. மதுரையில் இறங்கி ஆட்டோ பிடித்து மைதானத்துக்குள் நுழைந்தபோது இரண்டாவது பாதி தொடங்கிவிட்டிருந்தது.

அவன் ஓட்டம் எனக்குத் தெரியும். கண்ணைக் கட்டிவிட்டால்கூடக் காலடிச் சத்தத்தில் சொல்லிவிடுவேன். தேடினேன். இந்தப் பக்கம் இல்லை, அந்தப் பக்கம் இல்லை. முன்வரிசையில் இருந்த பெரியவரிடம், "எட்டாம் நம்பர் எங்கய்யா?" என்று கேட்டேன்.

"எட்டா? முட்டி பெசகிருச்சும்மா. பாதியோட எடுத்துட்டாக" என்றார். "அவன் இருந்த வரைக்கும்தான் ஆட்டம். இப்ப என்னத்தப் பாக்குறது?"

அப்புறம்தான் அவனைக் கண்டேன். கோட்டுக்கு வெளியே பெஞ்சில், முட்டியில் ஐஸ் வைத்துத் துண்டு சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். முகம் மைதானத்தைப் பார்த்தே இருந்தது. நான் ஆட்டத்தைப் பார்க்கவில்லை, அவனையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆட்டம் முடிந்து கூட்டம் கலைந்ததும் நொண்டிக்கொண்டே வந்தான். "வாங்க மச்சான்" என்றான், மகள் கன்னத்தைக் கிள்ளினான். பிறகு என்னைப் பார்த்து, "பாத்தியாக்கா?" என்றான்.

பொய் சொல்லலாம் என்று நினைத்தேன். வாய் வரவில்லை. "பாக்கலடா. பஸ்ஸு லேட்டு" என்றேன். அவன் முகம் ஒரு நொடி வாடியது. பிறகு தூக்கைத் திறந்து ஒரு தேன்குழலை எடுத்துக் கடித்தான். "அருமையா இருக்கு. ஆனா அந்த ஒரு பந்தை மட்டும் நீ பாத்திருக்கணும்க்கா. கோல் அதுல விழுந்துச்சு. சந்துல குடுப்பேன்ல, அதே மாதிரி."

"எப்புடிடா குடுத்த?" என்றேன்.

கிளப் பையன் ஒருவன் பந்துகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தான். அவனிடம் தம்பி ஒன்றைக் கேட்டு வாங்கிக்கொண்டான். "நீ அங்குட்டுப் போய் நில்லு" என்றான். "சேலையோடவா? ஆளுக இருக்காகடா" என்றேன். என் வீட்டுக்காரர் பிள்ளையைக் கையில் வாங்கிக்கொண்டு, "போயேன்" என்றார். வந்ததிலிருந்து அவர் பேசிய நல்ல வார்த்தை அதுதான்.

செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டுப் போய் நின்றேன். அவன் வலிக்கிற காலை ஊன்றிச் சமாளித்து நின்று, மற்ற காலால் தள்ளினான். பந்து என்னிடம் வரவில்லை. எனக்கு ரொம்ப முன்னால், யாருமே இல்லாத இடத்துக்குப் போனது. நான் மரம் மாதிரி நின்றேன்.

"ஓடுக்கா!" என்று கத்தினான். "ஏன் நிக்கிற? ஓடு!"

கொசுவத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடினேன். எத்தனை வருஷத்துக்குப் பிறகு! மூச்சு வாங்கியது, யாரோ சிரித்தார்கள், சிரித்தால் சிரிக்கட்டும். நான் போய்ச் சேர்ந்த இடத்தில் பந்து சரியாக என் காலுக்கடியில் இருந்தது. திருப்பிக் கொடுக்கலாம் என்று திரும்பினால், அவன் முட்டியைப் பிடித்துக்கொண்டு புல்லில் உட்கார்ந்துவிட்டிருந்தான். முகம் வலியில் கோணியிருந்தது, ஆனால் சிரித்தான்.

வீட்டுக்கு வந்து கால் கழுவிக்கொண்டிருந்தபோது மாமியார் வாசலுக்கே வந்துவிட்டார். "ரெண்டாவது பாதி முழுசாக் கெடைச்சுச்சுல்ல? நான்தான் சொன்னேன்ல" என்றார், அவ்வளவு சந்தோஷமாக. அந்த முகத்தைப் பார்த்துக் கோபப்பட முடியவில்லை. "கெடைச்சுச்சு அத்தை, முழுசா" என்று சொல்லிவிட்டு உள்ளே போனேன்.

அந்த முட்டிக்குச் சென்னையில் ஆபரேஷன் செய்தார்கள். அவன் திரும்ப ஆடவேயில்லை. இப்போது ஆபீஸ் வேலை, கல்யாணம், பிள்ளைகள் என்று நன்றாகத்தான் இருக்கிறான். தம்பி எத்தனை கோல் போட்டார் என்று இன்னும் யாராவது கேட்கிறார்கள். அவன் மைதானத்தில் கடைசியாகக் கொடுத்த பந்தை வாங்கியவள் நான். அது எனக்குப் போதும் என்று பலமுறை சொல்லிப் பார்த்துவிட்டேன். போதவில்லை. எனக்கு அந்த முதல் பாதி வேண்டும்.