லோடை விட்டு இறங்க விடாத சவரிமுத்து அண்ணன்

சவரிமுத்து அண்ணன் போய்விட்டார். காலையில் போன் வந்தது. நாலு மணிக்குப் பாலக்கரையில் அடக்கம்.

நான் ஸ்ரீரங்கத்தில், கொள்ளிடக் கரையோரம், வெள்ளத்தில் டயர் முங்கி நிற்கிற நிவாரண லாரி மேலே உட்கார்ந்திருக்கிறேன். முன்னாலும் தண்ணீர், பின்னாலும் தண்ணீர். பாலக்கரை என்ன தூரமா... மற்ற நாளில் ஒரு பஸ்.

எங்களுடையது வெளிநாட்டு நிவாரண அமைப்பு. அண்ணன் அங்கே ஸ்டோர் கீப்பராக இருந்தவர். நான் லோடு கூடப் போகிற ஆள். அவரைக் கிண்டல் பண்ணுவது சம்பளமில்லாத இன்னொரு வேலை.

அமைப்பு பிறந்த கதையை அவர் சொல்லாத நாளில்லை. எங்கோ ஒரு குளிர் தேசம், சண்டை ஓய்ந்த நேரம். நாலைந்து பெண்கள் வீடு வீடாகக் கம்பளி கேட்டு வாங்கி முதல் வண்டியை அனுப்பினார்களாம். வண்டிக்காரன் காப்பி குடிக்க இறங்கினான். திரும்பி வந்தால் வண்டி காலி.

அன்றைக்கு வந்ததுதான் எங்கள் சட்டம். லோடு கூடப் போன ஆள் அதை ஒப்படைக்காமல் நகரக்கூடாது.

"ஏண்ணே, எவனோ ஒரு வெள்ளைக்காரன் காப்பி குடிச்சதுக்கு நாங்க ஏண்ணே பட்டினி கெடக்கணும்?"

"வாயி... வாயி. லோடு மேல ஏறுடா."

ஒரு தடவை துறையூர் பக்கம் குடிசைகள் எரிந்துபோய், வெளிநாட்டுப் பார்சலைப் பிரித்தால் அத்தனையும் ஸ்வெட்டர். சித்திரை வெயில்!

"எரிஞ்சது பத்தலன்னு ஜனங்கள அவிக்கப் பாக்குறாங்களாண்ணே?"

சிரிப்பை அடக்கிக்கொண்டு, "அவங்க ஊர்ல குளுருதுடா, வேற என்ன தெரியும் பாவம்" என்றார். ஜனங்கள் அதைத் தலையணையாக்கிப் படுத்தார்கள்.

இன்று மதியம் ஒரு ரப்பர் படகு வந்தது. பாலம் வரைக்கும் விடுகிறோம் என்றார்கள். டிரைவர் பாலுவும், "சாவு வீடுண்ணே, போயிட்டு வாங்க" என்றான்.

ஒரு காலைப் படகில் வைத்துவிட்டேன்...

தார்ப்பாய்க்குக் கீழே அரிசியும் பால் பவுடரும். கேம்ப்பில் பிள்ளைகள் காத்திருக்கிறார்கள். இதை ஏற்றிப்போக வேண்டிய பெரிய படகு எப்போது வரும் என்று யாருக்கும் தெரியவில்லை.

காலை எடுத்துவிட்டேன். போய் நின்றிருந்தால் பெட்டிக்குள்ளிருந்தே எழுந்து, "லோடு எங்கடா?" என்று கேட்டிருப்பார் மனுஷன்.

அவர் மகள் வீடியோ காலில் காட்டப் பார்த்தாள். இங்கே சிக்னல் ஒரு கோடு. முகம் வருவதற்குள் கட்டாகிவிடுகிறது.

மணி நாலாகப் போகிறது. மழையும் விடவில்லை.

பாலக்கரைப் பக்கம் இருக்கிற நண்பர்கள் யாராவது என் பங்குக்கு ஒரு பிடி மண் போட்டுவிடுங்கள்.

போயிட்டு வாங்கண்ணே...