பதினாலாம் நம்பர் டோக்கன்

வீட்டைப் பூட்டினால் பூட்டை மூன்று தடவை இழுத்துப் பார்க்க வேண்டும். அடுப்பை அணைத்தால் திருகை மூன்று தடவை தொட்டுப் பார்க்க வேண்டும். தெருமுனை வரை போன பிறகு, அடடா, மூன்றாவது தடவை தொட்டோமா, இரண்டோடு வந்துவிட்டோமா என்று திரும்பி ஓடி வரவும் வேண்டும். அப்படி ஒரு பிறவி அவள். பஸ் டிரைவர் அவளுக்கு ‘மூணு தடவை அக்கா’ என்று பெயர் வைத்ததில் என்ன தப்பு, சொல்லுங்கள்.

இத்தனை பயத்தை மடியில் கட்டிக்கொண்டு அவள் பார்த்த வேலைதான் வேடிக்கை. மலைக்கு அடியில் போர்க்காலத்துச் சுரங்கம் ஒன்று இருந்தது. குண்டு விழும்போது ஊர் ஜனம் முழுக்க ஓடி ஒளிந்த இடம். காலையில் நகரத்திலிருந்து பஸ்ஸில் ஆட்களை அழைத்துப் போய், உள்ளே சுற்றிக் காட்டி, கதை சொல்லி, சாயங்காலம் திரும்பக் கொண்டுவந்து சேர்க்கிற வழிகாட்டி அவள். பதினாறு வருஷமாக அதே சுரங்கம், அதே கதை, அதே டார்ச்.

சுரங்க வாசலில் ஒரு பலகை உண்டு. வரிசையாக ஆணிகள், ஒவ்வொரு ஆணியிலும் நம்பர் போட்ட பித்தளை டோக்கன். உள்ளே போகிறவர் ஒன்றைக் கழற்றிக் கையில் வைத்துக்கொள்ள வேண்டும், வெளியே வந்ததும் அதே ஆணியில் மாட்ட வேண்டும். போர்க்காலத்து ஏற்பாடு. கூரை இடிந்தால் எத்தனை பேரைத் தோண்டி எடுக்க வேண்டும் என்று வெளியே இருப்பவனுக்குத் தெரிய வேண்டுமே, அதற்காக. ஒன்பதாம் நம்பர் ஆணி மட்டும் எப்போதும் காலியாகவே இருக்கும். ஏதோ ஒரு நாள் எல்லோரும் வந்துவிட்டார்கள் என்று நினைத்துக் காவலாளி பலகையைப் பார்க்காமலே கதவைச் சாத்திவிட்டான். நாலு நாள் கழித்துத் திறந்தபோது ஒன்பதாம் நம்பர் டோக்கன் உள்ளே ஒரு கைக்குள் இருந்தது.

இந்தக் கதையைச் சொல்லி முடித்ததும் அவள் கூட்டத்தைப் பார்த்து ஒரு வாக்குக் கொடுப்பாள். “பயப்படாதீங்க. பலகை நிறைஞ்சாலும் நான் நம்ப மாட்டேன். உள்ள பாத்து மூணு தடவை கூப்பிட்டுட்டுத்தான் பூட்டுவேன்.”

சொன்னபடியே செய்வாள். பலகை நிறைந்த பிறகும் இரும்புக் கதவருகே நின்று, “உள்ள யாராவது இருக்கீங்களா?” என்று தொண்டை கிழியக் கத்துவாள். காது கொடுத்துக் கேட்பாள். மறுபடி கத்துவாள். மூன்றாவது முறைக்குப் பிறகுதான் விளக்கை அணைத்துப் பூட்டுவாள். முன்பெல்லாம் கூட்டத்தின் பின்னால் நடந்து வர இன்னொரு ஆள் இருந்தான், அவனை நிறுத்திவிட்டார்கள். டார்ச்சோடு முன்னால் போகிறவளுக்கு முதுகிலா கண் இருக்கிறது?

ஆனால் ஒருநாள் புகார் வந்தது. பிறகு இன்னொன்று. காலிச் சுரங்கத்தைப் பார்த்து அந்தம்மா கத்துகிறது, பிள்ளைகள் பயப்படுகிறார்கள், பஸ் தாமதமாகிறது என்று. மேனேஜர் அவளைக் கூப்பிட்டு உட்காரவைத்து, மரியாதையாகவே சொன்னார். “பலகை எதுக்கு இருக்கு மேடம்? நிறைஞ்சா பூட்டுங்க, கிளம்புங்க. இன்னொரு புகார் வந்தா நான் ஒண்ணும் செய்ய முடியாது. நீங்க வீட்லயே இருந்துக்க வேண்டியதுதான்.”

அன்று ராத்திரி அவள் சாப்பிடவில்லை. புருஷன் ஃபிரிட்ஜ் ரிப்பேர் செய்கிறவர், எதையும் கழற்றி மாட்டினால் சரியாகிவிடும் என்ற கட்சி. “அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய். பதினாறு வருஷம் கத்துனியே, ஒரு தடவையாவது உள்ளேருந்து பதில் வந்துதா?” என்றார்.

“வரல.”

“அப்புறம் என்ன? ஒரே ஒரு நாள் கத்தாம பூட்டிட்டு வந்துபாரு. வானம் இடிஞ்சா விழும்?”

அவர் சொல்வதும் நியாயமாகத்தான் பட்டது. மறுநாள் ஞாயிற்றுக்கிழமை காலை அவள் அடுப்பைக்கூட ஒரே தடவை தொட்டுவிட்டுக் கிளம்பினாள். தெருமுனையில் கால் திரும்பப் பார்த்தது. பல்லைக் கடித்துக்கொண்டு நடந்தாள்.

அன்றைக்கு முப்பது பேர். பஸ்ஸில் வந்தவர்கள் இருபத்துநாலு, தாங்களாக வந்து வாசலில் சேர்ந்துகொண்டவர்கள் ஆறு. பஸ் கூட்டத்தில் கண்ணாடி போட்ட ஒரு அம்மா இருந்தாள். புருஷன், மகளோடு வந்திருந்தாள். யாருக்காவது உபகாரம் செய்யாவிட்டால் அவளுக்குத் தூக்கம் வராது போலிருக்கிறது. இருமினவருக்குப் பெப்பர்மின்ட், வியர்த்தவருக்கு விசிறி, ஜன்னல் திறக்க முடியாதவருக்கு ஜன்னல். அவர்கள் மூவருக்கும் பதினொன்று, பன்னிரண்டு, பதின்மூன்று. அடுத்து பதினாலாம் நம்பரை எடுத்தவள் தனியாக டவுன் பஸ்ஸில் வந்திருந்த ஒரு பெண். பச்சை ஸ்வெட்டர், கனத்த உடம்பு, முட்டியைப் பிடித்துப் பிடித்து நடந்தாள். ஆஸ்பத்திரியில் நர்ஸ் வேலையாம். “உள்ள ஒரு ஆஸ்பத்திரி ரூம் இருக்காமே, அதைப் பாக்கத்தான் வந்தேன்” என்றாள்.

வழிகாட்டி வழக்கம்போல ஒன்பதாம் நம்பர் கதையைச் சொன்னாள். வாய் பழக்கத்தில் அந்த வாக்கையும் கொடுத்துவிட்டாள். கொடுத்த பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டாள். சரி, சொன்னால் சொல்லிவிட்டுப் போகிறது, யார் நினைவில் வைத்துக்கொள்ளப் போகிறார்கள்?

உள்ளே எல்லாம் நல்லபடியாக நடந்தது. ஜனங்கள் படுத்துக் கிடந்த பலகைகள், குடிநீர்த் தொட்டி, இரண்டு வளைவு தாண்டி இடது பக்கம் ஆஸ்பத்திரி அறை, அதற்கப்பால் கடைசிக் கூடம். திரும்பி வரும்போது நேரம் ஐந்தைத் தாண்டிவிட்டது. டிரைவர் ஹாரன் அடித்தான். ஆட்கள் திமுதிமுவென்று வெளியே வந்து டோக்கனை மாட்டினார்கள். பலகை நிறைந்தது. ஒன்பதைத் தவிர ஒரு ஆணி காலியில்லை.

அவள் கதவருகே நின்றாள். வாய் திறந்துவிட்டது, சத்தம்தான் வரவில்லை. பஸ் ஜன்னல்களில் வரிசையாக முகங்கள். ஒருவர் கடிகாரத்தைத் தட்டிக் காட்டினார். டிரைவர் தலையை வெளியே நீட்டி, “என்னக்கா, இன்னைக்கும் கச்சேரி உண்டா?” என்று கேட்க, பஸ் முழுக்கச் சிரித்தது. அந்தச் சிரிப்பில் அவள் காது சுட்டது. விளக்கை அணைத்தாள். இரும்புக் கதவைச் சாத்தினாள். பூட்டினாள். ஒரே ஒரு தடவை இழுத்துப் பார்த்துவிட்டு ஓடிப்போய் ஏறிக்கொண்டாள்.

வானம் இடிந்து விழவில்லை. பஸ் மலைச்சரிவில் இறங்கியது. கண்ணாடி அம்மா எல்லோருக்கும் பெப்பர்மின்ட் கொடுத்தாள். வழிகாட்டி அதை வாயில் போட்டுக்கொண்டு, பார்த்தாயா, ஒன்றும் ஆகவில்லை என்று தனக்குத்தானே சொன்னாள். ஆனால் கண்ணை மூடினால் பலகை வந்து நின்றது. பலகையில் என்னவோ சரியில்லை. என்ன அது?

நம்பர் தெரிகிற பக்கம் வெளியே பார்க்க மாட்ட வேண்டும் என்று அவள் எல்லோரிடமும் சொல்வாள். மாட்டியும் இருந்தார்கள். நாலு டோக்கன் மட்டும் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டு தொங்கின. நாலும் பக்கத்துப் பக்கத்தில். ஒரே கை மாட்டியது.

பதினொன்று, பன்னிரண்டு, பதின்மூன்று. அது கண்ணாடி அம்மா குடும்பம். மூன்று பேர். அப்படியானால் நாலாவது?

பஸ் ஓட ஓடவே அவள் எழுந்து, கம்பியைப் பிடித்துப் பிடித்துப் பின்னால் போனாள். “அம்மா, வேற யாரோட டோக்கனையாவது நீங்க மாட்டினீங்களா?”

“ஆமாங்க” என்றாள் கண்ணாடி அம்மா, முகம் மலர. “பச்சை ஸ்வெட்டர் போட்டவங்களோடது. பாவம், முட்டி வலி. ‘நீங்க மெதுவா வாங்க, நான் மாட்டிடறேன்’னு சொல்லி வாங்கிட்டு வந்தேன். பின்னாடியேதான் வந்துட்டிருந்தாங்க.”

“அவங்க வெளிய வந்ததைப் பாத்தீங்களா?”

அந்த முகத்தில் ஈயாடவில்லை. “வந்திருப்பாங்கதானே?”

வந்துதான் இருப்பாள் என்று வழிகாட்டியின் மனசில் ஒரு பாதி சொன்னது. டவுன் பஸ் பிடித்து இந்நேரம் பாதி வழி போயிருப்பாள். பஸ்ஸைத் திருப்பி, அங்கே யாரும் இல்லையென்றால் இருபத்துநாலு வாய் சிரிக்கும், மூன்றாவது புகார் எழுதப்படும், பதினாறு வருஷம் அதோடு சரி. இன்னொரு பாதிக்கு அதெல்லாம் காதில் ஏறவில்லை. நாளை திங்கள்கிழமை. சுரங்கத்துக்கு விடுமுறை. செவ்வாய் காலை பத்து மணிக்குத்தான் அந்தக் கதவு திறக்கும்.

“வண்டியத் திருப்பு!”

“அக்கா, விளையாடாதீங்க. இருபது நிமிஷம் வந்தாச்சு.”

“திருப்புடான்னா திருப்பு! ஆள் உள்ள இருக்கு!”

பதினாறு வருஷத்தில் அவள் யாரையும் ‘டா’ போட்டதில்லை. டிரைவர் மறுபேச்சுப் பேசாமல் வண்டியைத் திருப்பினான். பின்னால் ஒருவர் ரயிலைத் தவறவிடப் போகிறேன் என்று கத்தினார். கண்ணாடி அம்மா அழ ஆரம்பித்தாள். வழிகாட்டி படிக்கட்டில் நின்றுகொண்டு, உள்ளே யாரும் இருக்கக் கூடாது, எல்லோரும் என்னைப் பார்த்துச் சிரிக்கட்டும், வேலை போனால் போகட்டும், உள்ளே மட்டும் யாரும் இருக்கக் கூடாது என்று வேண்டிக்கொண்டே வந்தாள்.

சாவி துவாரத்தில் நுழைய மாட்டேன் என்றது. டிரைவர்தான் வாங்கித் திறந்தான். விளக்கைப் போட்டுவிட்டு அவள் ஓடினாள். முதல் வளைவு, இரண்டாவது வளைவு. கூப்பிடக்கூட நிற்கவில்லை.

ஆஸ்பத்திரி அறையில், இரும்புக் கட்டிலின் ஓரத்தில், பச்சை ஸ்வெட்டரை இழுத்துப் போர்த்திக்கொண்டு நர்ஸ் உட்கார்ந்திருந்தாள். வெளிச்சத்துக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, “அப்பாடா, கரண்ட் வந்துடுச்சா?” என்றாள்.

வழிகாட்டிக்கு உயிர் போய் உயிர் வந்தது. கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

“இந்தக் கட்டிலைப் பாத்துட்டே நின்னேன், முட்டி பிடிச்சுக்கிச்சு. சரி, ரெண்டு நிமிஷம்னு உக்காந்தேன், கரண்ட் போச்சு” என்றாள் நர்ஸ். “போன்ல டார்ச் இருக்கு, அதை எப்படிப் போடறதுன்னு என் மகனுக்குத்தான் தெரியும்.”

“பயமா இல்லையா உங்களுக்கு?” என்று கேட்டாள் வழிகாட்டி.

“எதுக்குப் பயம்? நீங்கதான் வாசல்லயே சொன்னீங்களே, மூணு தடவை கூப்பிட்டுட்டுத்தான் பூட்டுவேன்னு. காதைத் தீட்டிக்கிட்டே உக்காந்திருந்தேன். நீங்க ஒரு தடவைகூடக் கூப்பிடலையே. அப்போ இன்னும் பூட்டலைன்னுதானே அர்த்தம்?”

ஆமாம் என்று சொல்லிவிட்டிருக்கலாம். கரண்ட்தான் போய்விட்டது என்று சொன்னால் நர்ஸ் நம்பியிருப்பாள், மேனேஜருக்கும் தெரிந்திருக்காது. ஆனால் அந்த நம்பிக்கையின் முகத்தைப் பார்த்துப் பொய் சொல்ல அவளுக்கு மனசு வரவில்லை.

“நான் கூப்பிடலைங்க” என்றாள். “கூப்பிடாமலே பூட்டிட்டுப் போயிட்டேன்.”

வழிகாட்டி கையை நீட்டினாள், நர்ஸ் அதைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். இருவரும் மெல்ல நடந்து வாசலுக்கு வந்தார்கள். கதவில் எழுதியிருந்ததை நர்ஸ் நின்று படித்தாள். திங்கள் விடுமுறை. அப்போதுதான் அவள் விரல்கள் வழிகாட்டியின் மணிக்கட்டை இறுக்கின.

“செவ்வாக்கிழமை வரைக்குமா?” என்றாள்.

“ஆமா.”

கண்ணாடி அம்மா ஓடிவந்து நர்ஸைக் கட்டிக்கொண்டு அழுதாள். நர்ஸ் அவளை விலக்கிவிட்டுப் பலகை அருகே போனாள். பதினாலாம் நம்பர் டோக்கனைத் தன் கையால் கழற்றி, நம்பர் வெளியே தெரியும்படி திருப்பி மாட்டினாள். யாரையும் பார்க்காமல் போய் பஸ்ஸில் ஏறினாள்.

வழிகாட்டி கதவருகே நின்றாள். இருட்ட ஆரம்பித்திருந்தது. “உள்ள யாராவது இருக்கீங்களா?” என்று கத்தினாள். காது கொடுத்தாள். இரண்டாவது தடவை. மூன்றாவது தடவை. பஸ்ஸில் ஒரு இருமல்கூட இல்லை. ரயிலைப் பற்றிக் கத்தினவரும் ஜன்னலில் கையை ஊன்றிக்கொண்டு காது கொடுத்தார்.

பூட்டை எடுக்கக் கையை நீட்டினாள். பக்கத்தில் வந்து நின்றிருந்த டிரைவர் அந்தக் கையைத் தடுத்தான்.

“இன்னொரு தடவை கூப்பிடுங்கக்கா” என்றான்.